ஹிதாயாவின் வீட்டை விற்று நான் வாங்கியது

1

இந்தக் குறிப்பை எழுதச் சொன்னது என் மனைவி ஹிதாயா. எங்கள் பள்ளிக்கூடத்துப் பழைய மாணவர்கள் நடத்தும் சஞ்சிகைக்கு ஒவ்வொரு வருடமும் இங்கிலாந்திலிருந்து ஒரு கட்டுரை அனுப்புவது என் வழக்கம். பனி, வசந்தம், வரிசையில் நிற்கும் ஒழுங்கு, மகள் பட்டம் வாங்கியது என்று எழுதுவேன். போன வருடம் 'சொந்த வீட்டுத் தோட்டத்தில் பறித்த ஆப்பிள்' பற்றி ஒன்றரைப் பக்கம் எழுதினேன். உண்மையில் அந்த மரம் பக்கத்து வீட்டுக்காரருடையது. ஒரு கிளை மட்டும் வேலிக்கு மேலால் எங்கள் பக்கம் நீண்டிருந்தது. வாசித்தவர்கள் மாஷா அல்லாஹ் என்று எழுதியிருந்தார்கள்.

"இந்த முறை உள்ளத எழுதுங்க," என்றாள் ஹிதாயா. "என்ட வீட்டுக்கு என்ன நடந்த எண்டு எழுதுங்க. ஊருல ஆக்கள் வாசிக்கட்டும்."

சரி, எழுதுகிறேன். மாஷா அல்லாஹ் போட விரலைத் தயாராக வைத்திருப்பவர்கள் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

நாங்கள் லூட்டன் நகரில் இப்போதிருக்கும் வீட்டுக்குக் குடிவந்து இந்த மே மாதத்தோடு பத்து வருடம். அதே கிழமையில், வீடு வாங்கக் காசு தந்த நிறுவனத்திடமிருந்து ஒரு கடிதம் வந்தது. இதுவரை மாதம் தொள்ளாயிரத்துப் பன்னிரண்டு பவுண் கட்டினீர்கள், உங்கள் பழைய ஒப்பந்தக் காலம் முடிந்துவிட்டது, அடுத்த மாதம் தொடக்கம் ஆயிரத்து ஐம்பத்து நான்கு பவுண் கட்டுங்கள் என்று இருந்தது. நீங்கள் எங்களுக்கு எவ்வளவு முக்கியமானவர் என்பதை இரண்டு இடத்தில் சொல்லியிருந்தார்கள். விமான நிலையத்தில் நான் பயணப்பெட்டி ஏற்றி இறக்கும் வேலை செய்கிறவன். வயது ஐம்பத்திரண்டு, இடது முழங்கால் மடங்காது. என்னை முக்கியமானவன் என்று சொல்ல இந்த உலகத்தில் அந்த ஒரு நிறுவனம்தான் இருக்கிறது.

கடிதத்தைக் கண்டதும் நான் செய்த முதல் வேலை அதை மடித்துத் தட்டுகள் அடுக்கும் அலுமாரிக்குள் வைத்ததுதான். வரும் கடிதங்களை நான் அப்படித்தான் கவனித்துக்கொள்கிறேன்.

2

இங்கே பிறந்தவர்களுக்குச் சொன்னால் விளங்காது, உங்களுக்கு விளங்கும். எங்கள் கிழக்கிலங்கைக் கரையில் ஆம்பிளைக்கு வீட்டின் விலை தெரியாது. வீடு பெண்ணுடையது. பெண் பிறந்தால் தகப்பன் சீமெந்து விலை கேட்கத் தொடங்குகிறான். மாப்பிள்ளை ஒரு பெட்டியோடு வந்து ஏறுகிறான். அட்டாளைச்சேனையில் பிறந்த நான் சாய்ந்தமருதுவில் ஹிதாயாவின் வீட்டுக்கு அப்படித்தான் வந்து ஏறினேன். பெட்டி கூட என் மூத்த சகோதரன், காக்காவுடையது.

அந்த வீட்டைக் கட்டியவர் என் மாமா, ஹிதாயாவின் வாப்பா. மீனை ஐஸ் போட்டுப் பெட்டியடித்து லொறியில் கண்டிக்கு அனுப்பும் வியாபாரம் அவருக்கு. வீடு கட்ட அவருக்கு ஒன்பது வருடம் போனது. கையில் காசு வந்தால் மேசன் வருவார், காசு முடிந்தால் மேசன் போவார். அத்திவாரம் போட்டு ஒரு மாரி முழுக்க அது தண்ணீருக்குள் கிடந்தது. இரண்டு அறை எழும்பி, கூரை இல்லாமல் ஒரு வருடம் நின்றது. ஊரார் பகிடி பண்ணினார்கள். கடைசியில் வெள்ளையடித்து முடிந்த அன்று அந்த வீட்டின் விலை என்னவோ அதுதான் அதன் விலை. அதற்குப் பிறகு அவர் ஒருவருக்கும் அந்த வீட்டுக்காக ஒரு சதம் கொடுக்கவில்லை. படிக்காத மனிசன், கணக்குத் தெரியாத மனிசன் என்று அவரைப் பற்றி நான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

கலியாணத்துக்கு முந்தி எங்கள் பக்கத்தில் ஒரு வழக்கம் இருக்கிறதல்லவா, மாப்பிள்ளை வீட்டார் பெண்ணின் வீட்டு உறுதிப் பத்திரத்தை வாங்கிப் பார்ப்பது. பெரிய தொப்பியும் கறுப்புக் கண்ணாடியுமாக என் காக்காதான் வாசித்தார். சும்மா வாசிக்கவில்லை, சபையில் எல்லாரும் கேட்க, வடக்கே ஒழுங்கை, கிழக்கே இன்னாரின் வளவு என்று நாலு எல்லையும் வாசித்தார். வாசித்துவிட்டு, பேச்சில் பன்னிரண்டு பேர்ச் என்று சொன்னீர்கள், உறுதியில் பதினொன்றரை என்று இருக்கிறதே என்று கேட்டார். மாமா வேர்த்து விறுவிறுத்துப் போய், ஒழுங்கை அகலமாக்க அரைப் பேர்ச் விட்டுக்கொடுத்த கதையைச் சொன்னார். நான் புது மாப்பிள்ளைப் பவிசோடு பக்கத்தில் இருந்து கேட்டுக்கொண்டிருந்தேன். அரைப் பேர்ச் மண்ணுக்கு ஒரு மனிசனைச் சபையில் நிற்கவைத்துக் கேள்வி கேட்ட குடும்பம் நாங்கள். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

வீடு பெண்ணுடையது என்பதால் சண்டை வந்தால் போகிறவன் ஆம்பிளை. கொடியில் கிடக்கும் சேட்டு ஒன்றை எடுத்துப் போட்டுக்கொண்டு உம்மாவின் வீட்டுக்குப் போய்விடுவான். நானும் இரண்டு முறை போயிருக்கிறேன். முதல் முறை நானாகப் போனேன். இரண்டாம் முறை ஹிதாயாவே என் சேட்டை மடித்து ஒரு பேக்கில் போட்டுக் கையில் தந்தாள். மூன்றாம் நாள் மாமா வந்து கூட்டிக்கொண்டு போனார்.

3

இங்கே வந்த புதிதில் ஒரு அறையில் வாடகைக்கு இருந்தோம். பிறகு இரண்டு அறை. வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து வெளியே வந்தால் நம்மவர்கள் கேட்கும் முதல் கேள்வி, வீடு எடுத்திட்டியா என்பது. எடுத்தவர்கள் எல்லாரும் ஒரு மாதிரியாகத்தான் நிற்பார்கள், நெஞ்சு இரண்டு அங்குலம் முன்னால். வாடகையில் இருப்பவன் ஓரமாய்த்தான் நிற்க வேண்டும். அவர்களில் அரைவாசிப்பேர் சாதாரண வங்கியில் அப்பட்டமான வட்டிக்குக் கடன் எடுத்தவர்கள். கேட்டால் முகத்தை அந்தப் பக்கம் திருப்பி, என்ன செய்யிற, நிர்ப்பந்தம் என்பார்கள். நாலு அறை, இரண்டு குளியலறை, கார் நிறுத்த இடம், இவ்வளவும் நிர்ப்பந்தம்.

நான் அவர்களை விட உத்தமன் என்று எனக்கு எண்ணம். வட்டியில்லாத வீடு தேடினேன். நம்மட ஆள் ஒருவர் தரகராக வந்தார். கோட்டுப் போட்டிருந்தார், தாடியைத் திருத்தமாக வெட்டியிருந்தார், பிஸ்மில்லாஹ் சொல்லாமல் பேனாவின் மூடியைக்கூடத் திறக்க மாட்டார். நிறுவனம் வீட்டை வாங்கும், நீங்கள் அதில் இருந்து வாடகை கட்டுவீர்கள், கட்டக் கட்டக் கொஞ்சம் கொஞ்சமாக அவர்களின் பங்கு உங்களுக்கு வரும், முப்பது வருடத்தில் முழு வீடும் உங்களுடையது என்று விளக்கினார்.

"இதுல வட்டியே இல்ல காக்கா," என்றார். "மௌலவிமார் பாத்து ஒப்பம் வெச்ச."

அந்த மௌலவிமாரின் பெயர்களை நான் ஒவ்வொன்றாக வாசித்தேன். இரண்டு பேரை இணையத்தில் தேடியும் பார்த்தேன். நல்ல படித்த ஆட்கள். அதற்கு அடுத்த பக்கத்தில் ஒரு பெட்டி போட்டு, முப்பது வருடத்தில் நீங்கள் கட்டப்போகும் மொத்தத் தொகை என்று ஒரு எண் அச்சடித்திருந்தது. அதை நான் வாசிக்கவில்லை.

நம்மவர்களிடம் இருக்கும் ஒரு வியாதி இது. காசுக்கு மேல் காசு கணக்குப் போட்டிருக்கும் பக்கம் வந்தால் கண் தானாக விலகும், வாசித்தாலே பாவத்தில் பங்கு வந்துவிடும் என்பதுபோல. மௌலவிமார் பார்த்ததை நான் ஏன் பார்க்க வேண்டும் என்று அந்தப் பக்கத்தைத் திருப்பினேன். மாதம் எவ்வளவு என்று மட்டும் கேட்டேன். மாத வாடகையாக அப்போது கட்டியதை விட எண்பது பவுண்தான் கூட என்றார் தரகர். எண்பது பவுணுக்கு ஒரு வீடா என்று எனக்கு வாயெல்லாம் பல்.

அந்த முறை ஹலாலா ஹறாமா என்று தீர்ப்புச் சொல்ல நான் ஆள் இல்லை. அதைப் படித்தவர்கள் பார்த்துக்கொள்ளட்டும். ஆனால் வாசிக்காமல் ஒப்பம் வை என்று மார்க்கத்தில் எங்கும் சொல்லவில்லை. கடனை எழுதி வைக்கச் சொல்கிறது, சாட்சி வைக்கச் சொல்கிறது. நான் செய்தது மார்க்கப்பற்று அல்ல, சோம்பேறித்தனம். அதற்குத் தொப்பி போட்டு வைத்திருந்தேன்.

4

வீட்டின் விலை இரண்டு இலட்சத்து இருபத்தையாயிரம் பவுண். நாற்பத்தையாயிரம் நாங்கள் முற்பணம் கட்ட வேண்டும். என்னிடம் இருந்தது பதினைந்தாயிரம்.

அப்போது மாமா மௌத்தாகி இரண்டு வருடம். மாமி அதற்கு முந்தியே போய்விட்டார். சாய்ந்தமருது வீடு பூட்டிக் கிடந்தது. திறப்பு ஹிதாயாவின் கைப்பையில், ஒரு பச்சை நூலில் கட்டி, எப்போதும் இருக்கும். அதை விற்கலாம் என்று நான்தான் சொன்னேன். பூட்டிக் கிடக்கும் வீடு கறையான் தின்னத்தான் என்றேன். மகள் இங்கே படிக்கிறாள், திரும்பிப் போகப்போகிறோமா என்றேன். பத்து நாள் விடாமல் சொன்னேன்.

ஹிதாயா ஒரேயொரு கேள்விதான் கேட்டாள். "அந்த வீட்டுக்குப் பதிலா இந்த வீடு என்ட பேருல வருமா?"

"ஓம்," என்றேன். யோசிக்காமல் சொன்னேன். பெண்ணுக்கு வீடு எழுதுவது எங்களுக்குப் புதிதா என்ன.

கட்டாரில் உழைத்த ஊர்க்காரர் ஒருவர் அறுபது இலட்சம் ரூபாவுக்கு வாங்கினார். அன்றைய மாற்றுக்கு முப்பதாயிரம் பவுண். வாங்கிய கையோடு வீட்டை இடித்தார். ஒன்பது வருடம் கட்டியதை இரண்டு நாளில் இடித்து முடித்துவிட்டதாக ஊரிலிருந்து படம் அனுப்பினார்கள். இப்போது அந்த இடத்தில் மூன்று மாடி நிற்கிறது. காணி மட்டும் இன்றைக்கு எத்தனை மடங்கு போகும் என்று நான் விசாரிப்பதில்லை. விசாரித்துச் சொல்ல ஹிதாயாவுக்கு ஆட்கள் இருக்கிறார்கள்.

பிறகு ஒரு நாள் சட்டத்தரணியின் கந்தோருக்குப் போனோம். சட்டத்தரணியான வெள்ளைக்காரப் பெண் எனக்கு முன்னால் ஒரு கட்டுத் தாள் வைத்தாள், ஹிதாயாவுக்கு முன்னால் ஒரே ஒரு தாள். ஹிதாயாவுக்கு அப்போது இங்கிலீசு வராது. இதைப் பற்றித் தனியாக வேறொரு சட்டத்தரணியிடம் ஆலோசனை கேட்க விருப்பமா என்று அந்தப் பெண் ஹிதாயாவிடம் கேட்டாள். ஹிதாயா என்னைப் பார்த்தாள். வேண்டாம் என்று நானே பதில் சொன்னேன். இது என்ன தாள் என்று ஹிதாயா கேட்டதற்கு, நீயும் இந்த வீட்டில் இருக்கிறாய் என்று காட்டுவதற்கு, ஒப்பம் போடு என்றேன்.

அவளும் அழகாகத் தமிழில் ஒப்பம் போட்டாள்.

எனக்குத் தெரியாது என்று எழுதினால் இந்தக் குறிப்பும் ஆப்பிள் கட்டுரை மாதிரி ஆகிவிடும். முழுக்கத் தெரியாது, அரைகுறையாகத் தெரியும். வருமானமில்லாதவரின் பெயரை ஒப்பந்தத்தில் சேர்க்க முடியாது என்று தரகர் முன்னமே சொல்லியிருந்தார். பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று நினைத்தேன். பத்து வருடம் பார்த்துக்கொள்ளாமல் இருந்தேன்.

5

கடிதத்தைத் தட்டுகளுக்கு நடுவில் கண்டெடுத்தவள் என் மகள் சம்ஹா. வயது இருபத்து நாலு, நகரசபையில் கணக்குப் பிரிவில் வேலை. எங்களோடுதான் இருக்கிறாள் என்று பெயர். காலையில் போகிறாள், வந்து காதில் ஒன்றைச் செருகிக்கொண்டு அறைக்குள் போகிறாள். என்னோடு அவள் தமிழில் கதைப்பது கெட்ட செய்தி சொல்வதற்கு மட்டும்தான். மற்றதெல்லாம் இங்கிலீசு, அதுவும் நான் பாதி பிடிக்கும் வேகத்தில்.

அது ஒரு சனிக்கிழமை. லுஹர் தொழுதுவிட்டு வந்தால் குசினி மேசையில் வீட்டுக் கோப்பு முழுக்க விரித்துக் கிடக்கிறது. சம்ஹா ஒரு பக்கம், ஹிதாயா ஒரு பக்கம்.

"வாப்பா, இஞ்ச இரிங்க," என்றாள் மகள், தமிழில். 

அவள் கணக்கைச் சொன்னாள். நிறுவனம் எங்களுக்காகப் போட்டது ஒரு இலட்சத்து எண்பதாயிரம். பத்து வருடத்தில் நான் கட்டியது ஒரு இலட்சத்து ஒன்பதாயிரத்துக்கு மேல். அப்படியென்றால் மிச்சம் எழுபதாயிரம்தானே என்று நான் சொன்னேன். மகள் என்னைப் பார்த்த பார்வையை நான் சஞ்சிகையில் எழுத முடியாது. நான் கட்டியதில் வீட்டுக்குப் போனது முப்பத்தாறாயிரம். மற்ற எழுபத்து மூவாயிரமும் அவர்களின் பங்கில் நான் குடியிருந்ததற்கு வாடகை. இன்னும் ஒரு இலட்சத்து நாற்பத்து நாலாயிரம் அப்படியே நிற்கிறது. புதுத் தவணையில் இருபது வருடம் கட்டினால் எல்லாமாக மூன்று இலட்சத்து அறுபத்தீராயிரம்.

"வாங்கினது நூத்தி எம்பது. குடுக்கிறது முன்னூத்தி அறுவத்திரெண்டு," என்றாள். "நீங்க டோட்டல் பாக்கவே இல்லையா?"

வட்டிக்கு எடுத்திருந்தால் இதை விட மோசமாகப் போயிருக்கும் என்றேன், விட்டுக்கொடுக்காமல். அவள் அதையும் கணக்குப் பார்த்து வைத்திருந்தாள். ஏறக்குறைய அதே தொகை. பத்து வருடமாக ஜும்ஆவில் மற்றவர்களைக் கீழாகப் பார்த்துக்கொண்டு நின்ற என் நெஞ்சு, அந்த இரண்டு அங்குலமும், உள்ளே போனது.

பிறகு அவள் இன்னொன்று சொன்னாள். நாட்டின் காணிப் பதிவில் இந்த வீட்டின் சொந்தக்காரர் என்று நிறுவனத்தின் பெயர்தான் இருக்கிறது. நான் குத்தகைக்காரன். சொந்த வீடு, சொந்த வீடு என்று பத்து வருடமாக ஊருக்கு எழுதிக்கொண்டிருந்தது ஒரு குத்தகைக்காரன்.

 கணக்கு முடிந்த பிறகு ஹிதாயா கோப்பின் கடைசியில் கிடந்த ஒரு தாளை இழுத்தெடுத்தாள். அதில் அவளுடைய ஒப்பம் இருந்தது.

"இது என்ன மகள்? வாப்பாக்குக் கேக்க இதையும் வாசிங்க."

சம்ஹா முதலில் தனக்குள் வாசித்தாள். பிறகு என்னைப் பார்க்காமல், ஒவ்வொரு வரியாகத் தமிழில் சொன்னாள். இந்த வீட்டில் குடியிருக்கும் நான், வீட்டில் எனக்கு ஏதாவது உரிமை இருந்தால் அதை நிறுவனத்தின் உரிமைக்குப் பின்னால் வைக்கிறேன். நிறுவனம் வீட்டைத் திருப்பிக் கேட்டால் எந்த மறுப்பும் சொல்லாமல் வெளியேறுவேன். தனியாக ஆலோசனை கேட்க எனக்குச் சந்தர்ப்பம் தரப்பட்டது, நான் வேண்டாம் என்றேன்.

"இன்னொருக்கா வாசிங்க," என்றாள் ஹிதாயா. மகள் இன்னொரு முறை வாசித்தாள்.

நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன். ஹிதாயா கையைக் காட்டி நிறுத்தினாள். சத்தம் போடவில்லை. இருபத்தைந்து வருடத்தில் அவள் சத்தம் போட்டு நான் கேட்டதே குறைவு.

"ஊருல எண்டா இதுக்கு உங்கட சேட்ட மடிச்சு பேக்குல போட்டுத் தந்திரிப்பன்," என்றாள். "இஞ்ச உங்கள வெளிய போங்க எண்டு செல்ல எனக்கு வீடில்ல."

6

அடுத்த கிழமை தரகரைக் கூப்பிட்டேன். இப்போது தாடி நரைத்து, அலுவலகம் பெரிதாகி, பேசுவதற்கு ஒரு பெண்பிள்ளையை வைத்திருக்கிறார். அல்ஹம்துலில்லாஹ், நல்ல நேரத்தில் எடுத்தீங்க காக்கா என்றார். இன்னொரு நிறுவனத்துக்கு மாறினால் மாதம் எண்பது பவுண் குறையுமாம். இந்த மனிசனுக்கு எண்பதைத் தவிர வேறு எண்ணே தெரியாது போல. ஒரேயொரு நிபந்தனை, வீட்டில் இருக்கும் வயது வந்தவர்கள் எல்லாரும் பழையபடி அந்தத் தாளில் ஒப்பமிட வேண்டும். இரண்டு மாதத்துக்குள் அனுப்பாவிட்டால் தொடர்ந்து ஆயிரத்து ஐம்பத்து நான்குதான்.

தாள் வந்தது. சம்ஹா தன்னுடையதை வாசித்து, தனக்கு இந்த வீட்டில் ஒன்றும் வேண்டாம், வாழ்நாளில் வீடு வாங்கவும் மாட்டேன் என்று சொல்லிக்கொண்டு ஒப்பமிட்டாள். எங்கள் ஊர்ப் பெண்பிள்ளை சொல்லும் கதையா இது. அவளுக்கு நான் கட்டிக்கொடுக்க வேண்டிய வீடு ஒன்றும் இருக்கிறது என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. அவளே அதைத் தள்ளுபடி செய்துவிட்டாள், நான் கேட்காமலே.

ஹிதாயாவின் தாள் மேசையில் நாலு நாள் கிடந்தது. அவள் அதைச் சுற்றித் துடைத்தாள், சோறு வைத்தாள், எடுத்துப் பார்க்கவில்லை. ஐந்தாம் நாள் நான் கேட்டேன். கொஞ்சம் கெஞ்சினேன் என்றும் எழுதலாம்.

"வரிப்பத்தான்சேனை வயல என்ட பேருல எழுதுங்க," என்றாள். "எழுதினாப் பொறகு ஒப்பம் வெக்கிறன்."

என் பங்குக்கு வாப்பா விட்டுப்போன மூன்று ஏக்கர் அது. காக்காதான் குத்தகைக்குச் செய்கிறார். போகத்துக்குப் போகம் எனக்குரிய காசை ஊர் வங்கிக் கணக்கில் போடுவார். வயதான காலத்தில் திரும்பிப் போனால் அது இருக்கிறது என்று எனக்கு ஒரு தைரியம்.

"அது என்ட வாப்பாட காணி," என்றேன்.

"அது என்ட வாப்பாட வீடு," என்றாள்.

 கல்முனையில் ஒரு நொத்தாரிசைப் பிடித்தேன். அவர் நன்கொடை உறுதி ஒன்று எழுதி வட்ஸ்அப்பில் அனுப்பினார். 'என் மனைவி மீது நான் கொண்டுள்ள இயற்கையான அன்பும் பாசமும் காரணமாக' என்று தொடங்கியது. வாசித்தபோது எனக்கே என் மேல் கொஞ்சம் மரியாதை வந்தது.

ஹிதாயா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு முழுதையும் வாசித்தாள். முதல் வரியில் விரலை வைத்தாள்.

"இத வெட்டச் செல்லுங்க. இது அன்பில்ல, என்ட வீட்டுக் காசு."

நன்கொடை என்று எழுதுவதுதான் வழக்கம், கொடுக்கல் வாங்கல் என்று எழுதினால் முத்திரைத் தீர்வை கூடும் என்று நொத்தாரிசு சொன்னார். நான் அதை அப்படியே அவளிடம் சொன்னேன். நன்கொடையென்றால் கொடுத்தவர் பிறகு மனம் மாறி வழக்குப் போடவும் இடம் இருக்கிறதாம் என்று அவள் தன் பக்கத்தில் விசாரித்து வைத்திருந்தாள். தீர்வையைக் கட்டுங்கள் என்றாள். கட்டினேன். உறுதி மாறி வந்தது: சாய்ந்தமருதுவில் இருந்த ஹிதாயாவின் சீதன வீட்டை விற்ற பணமான அறுபது இலட்சம் ரூபா ஏற்கெனவே என் கைக்கு வந்து சேர்ந்ததாகவும், அதற்கு ஈடாக இந்த வயலை அவளுக்கு உரித்தாக்குவதாகவும் எழுதியிருந்தது. நான் இங்கே வந்த பிறகு என் பெயரில் எழுதப்பட்ட ஒரே உண்மையான தாள் அதுதான்.

7

எனக்குப் பதிலாக ஊரில் ஒப்பமிடக் காக்காவுக்கு அதிகாரம் கொடுத்து எழுத வேண்டியிருந்தது. அதற்கு லண்டனில் உள்ள நம் தூதரகத்துக்கு ரயிலேறிப் போய், வரிசையில் நின்று, முத்திரை குத்திக்கொண்டு வந்தேன். ஒரு நாள் சம்பளம் போனது. சம்ஹாவின் கணக்கில் அதையும் சேர்த்துக்கொள்ளலாம்.

உறுதி எழுதும் நாள் நொத்தாரிசின் கந்தோரிலிருந்து காக்கா வீடியோவில் வந்தார். அதே பெரிய தொப்பி. கறுப்புக் கண்ணாடி மட்டும் இப்போது தடித்த மூக்குக் கண்ணாடியாகியிருந்தது. எங்கள் குசினி மேசையில் ஹிதாயா போனுக்கு நேரே இருந்தாள். நான் பின்னால் நின்றேன். இருபத்தைந்து வருடத்துக்கு முந்தி செய்ததுபோல, காக்கா உறுதியைச் சத்தமாக வாசித்தார். வடக்கே வாய்க்கால், கிழக்கே இன்னாரின் வயல், தெற்கே வண்டிப்பாதை என்று நாலு எல்லையும் வாசித்து முடித்தார்.

"மச்சான், அளந்து பாத்தீங்களா?" என்று கேட்டாள் ஹிதாயா. "உறுதியில மூணு ஏக்கர் எண்டு இரிக்கி. வாய்க்கால் பக்கத்தால கரைஞ்சு போயிரிக்கும். சும்மா நம்பேலா."

காக்கா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அன்றைக்கு மாமா வேர்த்து நின்றது அவருக்கும் ஞாபகம் வந்திருக்க வேண்டும். பிறகு, நில அளவையாளரை வைத்து அளந்ததாகவும், கால் ஏக்கருக்குக் கொஞ்சம் குறைவாக வாய்க்கால் தின்றுவிட்டதாகவும் ஒத்துக்கொண்டார். அந்தக் குறைவையும் உறுதியில் எழுதச் சொன்னாள் ஹிதாயா. எழுதினார்கள். காக்கா ஒப்பமிட்டார்.

அதன் பிறகுதான் அவள் புது நிறுவனத்தின் தாளை இழுத்துத் தன் பக்கம் வைத்தாள். பத்து வருடத்தில் அவள் இங்கிலீசு படித்துவிட்டாள், பாடசாலைக் குசினியில் மூன்று வருடமாக வேலையும் செய்கிறாள். ஒவ்வொரு சொல்லாக விரல் வைத்து வாசித்தாள். தனியாக ஆலோசனை பெற்றீர்களா என்ற கேள்விக்கு ஆம் என்ற பெட்டியில் கோடு போட்டாள். உண்மைதான், மகளின் சிநேகிதியாக இருக்கும் ஒரு சட்டத்தரணியிடம் அந்தக் கிழமையே போய்க் கேட்டிருக்கிறாள், எனக்குச் சொல்லவில்லை. பிறகு ஒப்பமிட்டாள்.

"மச்சான்," என்றாள் போனுக்குள். "வாற போகத்துக் குத்தகைக் காச என்ட பேருக்குப் போடுங்க."

அவள் எழும்பிப் போன பிறகு காக்கா என்னைக் கூப்பிட்டார். நான் முன்னால் வந்து இருந்தேன். ஊரில் அரைப் பேர்ச்சுக்குக் கேள்வி கேட்ட மனிசன், இப்போது என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"வீடு பேங்குக்காரன்ட. வயல் பொஞ்சாதிட," என்றார். "அப்ப ஒனக்கு என்னடா மிச்சம்?"

இருநூற்று நாற்பது தவணை என்றேன்.